வாலட் இணையாதபோது மாணவர் எங்கே பார்க்க வேண்டும்: கல்வி இணைப்புக் கட்டுரைக்கு ஒரு திருத்தம்

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். பரிவர்த்தனைகளைத் தொகுதி தொகுதியாகச் சங்கிலிபோல் பதிந்துவைக்கும் பிளாக்செயின் முறையின் நிரலாக்கத்தை வீட்டுக் கணினியிலேயே பழக விரும்பும் மாணவர்களுக்காகத் தங்கள் நாளிதழின் கல்வி இணைப்பில் அண்மையில் வெளிவந்த வழிகாட்டிக் கட்டுரையை, என் மாணவர்கள் சிலர் வெட்டி எடுத்து ஆய்வகத்துக்குக் கொண்டுவந்தார்கள். இத்தகைய பொருளைத் தமிழில் எழுத முன்வந்ததற்காகக் கட்டுரையாளருக்கும் தங்களுக்கும் முதலில் என் நன்றி. ஆனால், கைவசம் உள்ள வாலட்டை (கிரிப்டோ பணத்தின் சாவிகளை வைத்திருக்கும் செயலியை) சோதனைச் சங்கிலியோடு (பழகுவதற்காக ஓடவிடும் பிளாக்செயினோடு) இணைத்துவிட்டால் போதும், மற்றவை தாமாக நடக்கும் என்ற பொருள்பட அதில் வரும் ஒரு வாக்கியத்தைத் திருத்த வேண்டும் என்று கேட்டுக்கொள்ளவே இக்கடிதத்தை எழுதுகிறேன். அந்த இணைப்பு அவ்வளவு எளிதில் கிடைப்பதில்லை. கிடைக்காதபோது பதற்றத்தில் மாணவர் செய்யும் காரியங்கள்தாம் அவரை இழப்பில் கொண்டுபோய் விடுகின்றன. கைவசம் உள்ள வாலட்டை இந்தப் பயிற்சிக்குப் பயன்படுத்தவே கூடாது.

தென்மாவட்டப் பொறியியல் கல்லூரி ஒன்றில் கணினி அறிவியல் கற்பிக்கிறேன். அண்ணா பல்கலைக்கழகத்தின் 2021 ஒழுங்குமுறையில் கிரிப்டோகரன்சியும் பிளாக்செயினும் விருப்பப் பாடமாக இடம்பெற்ற பின், எங்கள் துறையில் அதன் செய்முறை வகுப்பு என் பொறுப்பில் இருக்கிறது. சாலிடிட்டி மொழியில் ஒப்பந்த நிரல் (சங்கிலியின்மீது இயங்கும் நிரல்) எழுதுவதில்தான் மாணவர்கள் தடுமாறுவார்கள் என்று எண்ணி, தொடக்கத்தில் பாடவேளைகளை அதற்கே மிகுதியாக ஒதுக்கினேன். நிரலை அவர்கள் இரண்டே வாரத்தில் எழுதிவிடுகிறார்கள். மெட்டாமாஸ்க் வாலட்டைத் தங்கள் கணினியில் ஓடும் சங்கிலியோடு சேர்ப்பதில்தான் வேளை வேளையாகக் கரைகிறது.

கடந்த பருவத்தில் நடந்த ஒன்றைச் சொன்னால் என் கவலை விளங்கும். இறுதியாண்டு மாணவர் ஒருவர், விடுமுறையில் இணையதள வேலை செய்துகொடுத்து ஈட்டிய சிறு தொகையை, எத்தேரியம் என்னும் பிளாக்செயினின் நாணயமான ஈதராக வைத்திருந்தார். அன்றைய விலையில் ஏறத்தாழ 6,000 ரூபாய். அதே வாலட்டிலேயே ஆய்வகப் பயிற்சியையும் செய்தார். ஹார்ட்ஹாட் என்னும் கருவியில் சோதனைச் சங்கிலியைத் தொடங்கும்போது, ஒவ்வொன்றிலும் 10,000 சோதனை ஈதர் உள்ள 20 கணக்குகளை அவற்றின் பிரைவேட் கீகளோடு (பணத்தைச் செலவிட உதவும் இரகசியச் சாவிகளோடு) அது திரையில் அச்சிடும். அவற்றுள் முதல் கணக்கின் கீயை அவர் தம் வாலட்டில் சேர்த்துக்கொண்டார். உள்ளூர்ச் சங்கிலியோடு இணைப்பு கிடைக்கவில்லை. ஒரு மணி நேரம் போராடிய பின், வாலட்டின் நெட்வொர்க் பட்டியலைத் திறந்து ஒவ்வொன்றாக மாற்றிப் பார்த்தார். உண்மைப் பணம் புழங்கும் எத்தேரியம் முதன்மை வலையைத் தேர்ந்ததும் பிழைச் செய்தி மறைந்தது. இணைந்துவிட்டது என்று நம்பினார். கணக்கிலோ 10,000-க்குப் பதில் சுழியம் இருந்தது, பரிவர்த்தனைக் கட்டணத்துக்கு இருப்பு போதாது என்று வாலட் சொன்னது. கட்டணத்துக்கு மட்டும் இருக்கட்டும் என்று தம் சொந்தக் கணக்கிலிருந்து ஒரு பகுதியை அதற்கு மாற்றினார். இருப்பு மறுபடியும் சுழியமாகவே தெரிந்தது. பணம் போய்ச் சேரவில்லை போலும் என்று எண்ணி மீதியையும் அனுப்பினார்.

பணம் இரண்டு முறையும் சரியாகவே போய்ச் சேர்ந்தது. ஆனால், அந்தக் கணக்கின் கீ உலகில் ஹார்ட்ஹாட்டை நிறுவிய ஒவ்வொருவரிடமும் இருக்கும் அதே கீ. 'டெஸ்ட்' என்ற சொல்லைப் பதினொரு முறையும் இறுதியில் 'ஜங்க்' என்ற சொல்லையும் கொண்ட பொதுவான மீட்புச் சொற்றொடரிலிருந்து (கீகளை மீண்டும் உருவாக்கித் தரும் 12 சொற்களிலிருந்து) அந்த 20 கணக்குகளும் பிறக்கின்றன. முதன்மை வலையில் அந்த முகவரிகளுக்கு எப்போது பணம் வரும் என்று தானியங்கி நிரல்கள் இரவு பகலாகக் காத்திருக்கின்றன. அங்கே தொகுதிகள் ஏறத்தாழ 12 நொடிக்கு ஒன்று உருவாகின்றன; பணம் வந்த அடுத்த தொகுதியிலேயே அதை எடுத்துவிடுகிறார்கள். கணக்குகளின் பட்டியலோடு சேர்த்து, இந்தக் கீகள் அனைவருக்கும் தெரிந்தவை, உண்மையான வலையில் இவற்றுக்கு அனுப்பும் பணம் தொலைந்துபோகும் என்று ஹார்ட்ஹாட் எச்சரிக்கவும் செய்கிறது. அந்த எச்சரிக்கை ஆங்கிலத்தில் ஓரிரு வரி. 20 கணக்குகளும் 20 கீகளும் ஓடிக் கடக்கும் திரையில் அது மேலே போய்விடுகிறது. அந்த மாணவரைக் குறைசொல்ல எனக்கு மனம் வரவில்லை. இணைப்பு ஏன் கிடைக்கவில்லை என்பதை நான் முன்னமே தெளிவாகச் சொல்லித் தந்திருந்தால், அவர் நெட்வொர்க் பட்டியலைத் துழாவியிருக்கவே மாட்டார்.

காரணம் மிகச் சிறியது. மெட்டாமாஸ்க்கில் வெகுகாலமாக ஆயத்தமாக இருந்த 'லோக்கல்ஹோஸ்ட் 8545' என்ற அமைப்பு 1337 என்ற செயின் ஐடியை (சங்கிலியின் அடையாள எண்ணை) எதிர்பார்க்கிறது. ஹார்ட்ஹாட் தன் சங்கிலிக்கு வைத்திருக்கும் எண் 31337. முன்னால் ஒரு 3 கூடுதல். இரண்டையும் அடுத்தடுத்து எழுதிக் காட்டினால்கூட அவசரத்தில் கண் தவறவிடுகிறது. வாலட்டில் 31337 என்ற எண்ணோடு புதிய நெட்வொர்க் ஒன்றைச் சேர்த்தாலும் போதும், ஹார்ட்ஹாட்டின் அமைப்புக் கோப்பில் எண்ணை 1337 என்று மாற்றினாலும் போதும். இரண்டு நிமிட வேலை.

எண் ஒன்று மாறினால் என்ன, ஏன் இவ்வளவு பிடிவாதம் என்று மாணவர்கள் கேட்பதுண்டு. அவர்களுக்கு 2016-ஆம் ஆண்டின் கதையைச் சொல்வேன். 'தி டாவோ' என்ற பொது நிதியிலிருந்து பெருந்தொகை திருடப்பட்டதை அடுத்து, அந்த ஆண்டு ஜூலையில் எத்தேரியம் சங்கிலி இரண்டாகப் பிரிந்தது. பழைய கிளை எத்தேரியம் கிளாசிக் என்ற பெயரில் தொடர்ந்தது. பிரிந்த இரண்டிலும் கணக்குகள் ஒன்றே, கீகள் ஒன்றே. ஆகவே, ஒரு சங்கிலியில் ஒருவர் கையொப்பமிட்ட பரிவர்த்தனையை மற்றவர் அப்படியே எடுத்து அடுத்த சங்கிலியிலும் செலுத்த முடிந்தது. இதைத் தடுக்கத்தான், அதே ஆண்டு நவம்பரில் நடைமுறைக்கு வந்த மேம்பாட்டின் வழியாகக் கையொப்பத்துக்குள்ளேயே சங்கிலியின் எண்ணைச் சேர்க்கும் முறை வந்தது. எத்தேரியம் முதன்மை வலைக்கு 1, கிளாசிக்குக்கு 61. உள்ளூர்ச் சங்கிலி என்பதற்காக வாலட் இந்தச் சோதனையைத் தளர்த்துவதில்லை, தளர்த்தவும் கூடாது. எண் பொருந்தவில்லை என்று அது மறுப்பது நம் பணத்தைக் காப்பதற்கே என்று புரிந்த மாணவர் அந்த மறுப்பைச் சுற்றிவளைத்துக் கடக்க முயல்வதில்லை.

எண்ணைப் பார்ப்பதற்கு முன், சங்கிலி உயிரோடு இருக்கிறதா என்று பார்க்க வேண்டும். வாலட்டை இணைப்பது என்றதும் ஏதோ நிலையான கம்பி இணைப்பைப்போல மாணவர்கள் கற்பனை செய்கிறார்கள். வாலட் என்பது ஒரு சாவிக்கொத்து. ஒரு முகவரிக்குக் கேள்வி அனுப்புகிறது, பதில் பெறுகிறது, அவ்வளவுதான். உள்ளூர்ச் சங்கிலியின் முகவரி வழக்கமாக 127.0.0.1, போர்ட் (அந்தக் கணினியில் ஒரு நிரலை அடையும் வாயில் எண்) 8545. கனாஷ் என்ற பழைய கருவியின் திரைப் பதிப்பு மட்டும் 7545 போர்ட்டில் இயங்கியது, அதன் கட்டளைவரிப் பதிப்போ 8545-இல். சங்கிலியைத் தொடங்கிய டெர்மினல் சாளரத்தை மாணவர் மூடிவிட்டால் சங்கிலியும் நின்றுவிடும். கேள்விக்குப் பதில் சொல்ல அங்கே யாருமில்லை. வேறொரு டெர்மினலிலிருந்து கர்ல் கட்டளையால் அந்த முகவரியிடம் 'உன் செயின் ஐடி என்ன?' என்று கேட்டுப் பார்ப்பதை முதல் படியாக வைத்திருக்கிறேன். பதில் வந்தால் சங்கிலி நலம், குறை வாலட்டின் அமைப்பில். வராவிட்டால் வாலட்டைத் தொடவே வேண்டாம். இந்த ஒரு படியே பாதி நேரத்தை மிச்சப்படுத்தியிருக்கிறது.

127.0.0.1 என்பது 'இந்தக் கணினி' என்று மட்டுமே பொருள்படும். கேட்பதற்கு எளிதாக இருக்கும் இதில் நானே முதல் ஆண்டு சறுக்கினேன். என் மேசைக் கணினியில் ஒரு சங்கிலியை ஓடவிட்டு, ஆய்வகத்தின் 30 கணினிகளிலும் அதே முகவரியைத் தட்டச்சு செய்யச் சொன்னேன். ஒவ்வொரு கணினியும் தன்னையே கேட்டுக்கொண்டு, அங்கே ஒன்றுமில்லை என்றது. ஒரே சங்கிலியை எல்லாரும் பகிர வேண்டுமானால், அது எல்லா வலை இடைமுகங்களிலும் கேட்கும்படி 0.0.0.0 என்று குறித்துத் தொடங்கி, ஆசிரியர் கணினியின் வளாக வலை முகவரியைக் கொடுத்து, விண்டோஸ் ஃபயர்வாலில் 8545 போர்ட்டைத் திறக்க வேண்டும். அதை வளாகத்துக்கு வெளியே திறந்துவிடக் கூடாது. இணையத்தில் 8545 போர்ட்டைத் தேடி அலைந்து, காவலின்றித் திறந்து கிடந்த எத்தேரியம் கணினிகளிலிருந்து ஈதரைத் திருடியவர்களைப் பற்றி 2018-இலேயே செய்திகள் வந்தன. ஆண்ட்ராய்டு எமுலேட்டரில் (கணினிக்குள் ஓடும் போலிக் கைபேசியில்) செயலி எழுதும் மாணவருக்கு இதே குழப்பம் வேறு வடிவில் வரும்: அங்கே 127.0.0.1 என்பது எமுலேட்டரையே குறிக்கும், கணினியை அடைய 10.0.2.2 என்று கொடுக்க வேண்டும். டாக்கர் என்னும், தனிப் பெட்டிபோன்ற மென்பொருள் சூழலில் சங்கிலியை ஓட்டுபவர்கள் போர்ட்டை வெளியே விட மறக்கிறார்கள். வாலட் ஒழுங்காக இணைந்திருக்க, நிரலை ஏற்றும் ஸ்கிரிப்ட் மட்டும் இணைப்பு மறுக்கப்பட்டது என்று சொன்னால், 'லோக்கல்ஹோஸ்ட்' என்ற பெயரை நீக்கிவிட்டு 127.0.0.1 என்று எண்ணாலேயே எழுதிப் பார்க்கலாம்; ஸ்கிரிப்டை இயக்கும் நோட் என்ற மென்பொருளின், 2021-இல் வந்த 17-ஆம் பதிப்பு முதல், அந்தப் பெயர் ஐபிவி6 என்ற வேறு வகை முகவரிக்குப் போய் நின்றுவிடுவதுண்டு.

இவற்றையெல்லாம் விட மாணவரை அதிகம் அலைக்கழிப்பது நான்ஸ் என்னும் வரிசை எண். நேற்று மாலை எல்லாம் ஒழுங்காக ஓடியது, இன்று காலை ஒன்றுமே நகரவில்லை என்று ஒருவர் வந்தால், பிழைச் செய்தியைப் படிப்பதற்கு முன்பே காரணத்தைச் சொல்லிவிடலாம். ஒவ்வொரு கணக்கும் அனுப்பும் பரிவர்த்தனைகளுக்கு 0, 1, 2 என்று வரிசை எண் உண்டு. உள்ளூர்ச் சங்கிலியை நிறுத்தி மீண்டும் தொடங்கினால் அதன் வரலாறு முழுவதும் அழிந்து, கணக்கும் 0-இலிருந்து தொடங்கும். வாலட்டுக்கு இது தெரியாது. ரசீதுப் புத்தகம் தீர்ந்து கடைக்காரர் புதுப் புத்தகத்தில் முதல் ரசீதைக் கிழிக்க, வாடிக்கையாளர் என் அடுத்த ரசீது ஐந்தாம் எண்தான் என்று நிற்பதைப்போல, வாலட் தன் நினைவில் உள்ள எண்ணைக் கொண்டுபோய்க் கொடுக்கிறது. நான்ஸ் மிக அதிகம், 0 வர வேண்டிய இடத்தில் 4 வந்திருக்கிறது என்று சங்கிலி திருப்பி அனுப்புகிறது.

இதற்குத் தீர்வு மெட்டாமாஸ்க் அமைப்புகளின் 'அட்வான்ஸ்டு' பகுதியிலேயே இருக்கிறது: அந்தக் கணக்கின் செயல்பாட்டு நினைவை அழிக்கும் பொத்தான். பழைய பதிப்புகளில் அதற்கு 'ரீசெட் அக்கவுன்ட்' என்று பெயர். இந்தப் பெயரைப் பார்த்து, கணக்கே அழிந்துவிடும் என்று அஞ்சி அதைத் தொடாமலே வாரக்கணக்கில் தவித்த மாணவர்கள் உண்டு. அது கீயையும் அழிப்பதில்லை, இருப்பையும் தொடுவதில்லை. வாலட் தன் பக்கத்தில் எழுதிவைத்திருந்த வரிசை எண்ணையும் பரிவர்த்தனைப் பட்டியலையும் மட்டுமே மறக்கிறது. இன்னும் சிலர் அந்தப் பொத்தானைத் தேடிக் கண்டுபிடிக்க முடியாமல் எக்ஸ்டென்ஷனையே நீக்கிவிட்டு மீண்டும் நிறுவுகிறார்கள். மீட்புச் சொற்றொடரின் 12 சொற்களை எழுதி வைக்காமல் அப்படி நீக்கியவருக்கு வாலட் திரும்பக் கிடைக்காது. பொத்தானை அழுத்திய பிறகும், இல்லாத தொகுதி எண்ணை வாலட் கேட்கிறது என்ற வகையில் பிழை வந்தால், பிரவுசரை முழுவதுமாக மூடித் திறந்தால் பெரும்பாலும் சரியாகிவிடுகிறது.

இதன் தொடர்ச்சியாகவே இன்னொன்று வருகிறது. இணைப்பு நன்றாக இருக்கும், இருப்பு 10,000 தெரியும், ஆனால் ஒப்பந்தத்திடம் எதைக் கேட்டாலும் வெற்றுப் பதிலே வரும். சங்கிலியை மீண்டும் தொடங்கியபோது ஒப்பந்தமும் அழிந்துவிட்டது. வலைப்பக்கமோ பழைய முகவரியையே பிடித்துக்கொண்டிருக்கிறது. ஒப்பந்தத்தின் முகவரி, அதை ஏற்றிய கணக்கையும் அக்கணக்கின் நான்ஸையும் வைத்தே அமைகிறது என்பதால், புதிய சங்கிலியில் அதே கணக்கிலிருந்து அதே வரிசையில் ஏற்றினால் அதே முகவரிதான் கிடைக்கும். ஏற்றுவதற்கு முன் ஏதேனும் ஒரு பரிவர்த்தனையைச் செய்துவிட்டாலோ முகவரி மாறிவிடும். ஒரு நாள் ஓடுகிறது, மறுநாள் ஓடவில்லை, ஐயா, எதுவும் மாற்றவில்லை என்று மாணவர் சொல்வது முற்றிலும் உண்மையாக இருப்பது இதனால்தான்.

வலைப்பக்கத்தைக் கோப்புறையிலிருந்து இரட்டைச் சொடுக்கில் திறப்பவர்களுக்கு வாலட் தென்படவே தென்படாது. சிறிய சர்வர் ஒன்றின் வழியாகத்தான் பக்கத்தைத் திறக்க வேண்டும். ஒரே பிரவுசரில் இரண்டு வாலட் எக்ஸ்டென்ஷன்களை வைத்திருப்பவர்கள் ஒன்றை அணைத்துவிட்டுப் பார்ப்பது நல்லது.

இவ்வளவு விரிவாக எழுதியதற்குக் காரணம் உண்டு. மேலே சொன்ன எந்தக் கோளாற்றைச் சரிசெய்யவும் மாணவரின் 12 சொற்கள் தேவைப்படுவதில்லை. முகவரி, போர்ட், செயின் ஐடி, நான்ஸ், ஒப்பந்த முகவரி ஆகிய எவற்றுக்கும் அந்தச் சொற்களோடு தொடர்பே கிடையாது. ஆனால், வாலட் இணையவில்லை என்று பொதுக் குழு ஒன்றில் மாணவர் எழுதிய சில நிமிடங்களில், உதவி மையத்திலிருந்து பேசுகிறோம் என்று தனிச் செய்தி வருகிறது. வாலட்டைச் 'சரிபார்க்க' ஒரு படிவம் வருகிறது. அதில் 12 கட்டங்கள் இருக்கின்றன. என் மாணவி ஒருவர் ஒன்பது சொற்களை நிரப்பிவிட்டு, பத்தாவதில் ஐயம் வந்து என்னை அழைத்தார். கோளாறு எங்கே இருக்கக் கூடும் என்று தெரிந்தவரை இந்தப் படிவத்தால் ஏமாற்ற முடியாது. தெரியாதவருக்கு, யாரிடமும் சொற்களைக் கொடுக்காதே என்ற எச்சரிக்கை மட்டும் போதவில்லை. சமர்ப்பிக்கும் நாள் நெருங்கும்போது, இந்த ஒரு முறை மட்டும் என்று கொடுத்துவிடுகிறார்கள்.

எங்கள் ஆய்வகத்தில் இப்போது ஒரே விதி. பிரவுசரில் பயிற்சிக்கென்று தனி ப்ரொஃபைல் ஒன்றை உருவாக்கி, அதில் புதிதாக வாலட்டை நிறுவி, அனைவருக்கும் தெரிந்த அந்த 'டெஸ்ட்' சொற்றொடரையே அதில் உள்ளிட வேண்டும். சொந்தப் பணமுள்ள வாலட் அந்த ப்ரொஃபைலில் இருக்காது என்பதால், நெட்வொர்க்கை எவ்வளவு மாற்றிப் பார்த்தாலும் இழப்பதற்கு எதுவும் இருக்காது. பெற்றோரிடமும் இதைச் சொல்லி வைக்கிறேன். மகனின் திரையில் 10,000 ஈதரைப் பார்த்துவிட்டு, இவ்வளவு பணம் எப்படி வந்தது என்று கலங்கிப்போய் ஒரு தந்தை கல்லூரிக்கே வந்தார். அது அந்தக் கணினிக்கு வெளியே ஒரு காசும் பெறாத எண் என்று விளக்கி அவரை அனுப்பிவைத்தேன்.

தங்கள் கட்டுரை ட்ரஃபிள், கனாஷ் என்னும் கருவிகளை நிறுவச் சொல்கிறது. இவ்விரண்டின் பராமரிப்பும் 2023-ஆம் ஆண்டோடு நின்றுவிட்டது. அது குறிப்பிடும் ராப்ஸ்டன் சோதனை வலையும் இப்போது இல்லை. அதற்குப் பின்வந்த ரிங்கபியும் கோர்லியும்கூட மூடப்பட்டுவிட்டன. எங்கள் பகுதிக் கல்லூரிகளில் கைமாறி வரும் செய்முறைக் குறிப்பேடுகளிலும் இதே பழைய பெயர்கள்தாம் இருக்கின்றன என்பதால், கட்டுரையாளரை மட்டும் இதற்குப் பொறுப்பாக்க மாட்டேன். ஆனால், இல்லாத வலையோடு இணைய முயலும் மாணவர் குறை தம்மிடமே இருப்பதாக எண்ணிக்கொள்கிறார். அச்சில் வந்ததை அவர் ஐயுறுவதில்லை.

ஆகவே தங்களிடம் மூன்று வேண்டுகோள்கள். கட்டுரையின் இணையப் பதிப்பில் 'கைவசம் உள்ள வாலட்' என்ற தொடரை நீக்கி, பயிற்சிக்கெனத் தனி ப்ரொஃபைலில் புதிய வாலட் வேண்டும் என்று சேர்க்க வேண்டும். பழைய கருவிகளின் பெயர்களுக்குப் பதிலாக ஹார்ட்ஹாட் அல்லது அதே வகைக் கருவியான ஃபவுண்டரியைக் குறிப்பிட்டு, செயின் ஐடி 31337 என்பதையும் வாசகர் கண்ணில் படும்படி எழுத வேண்டும். கட்டுரையோடு வெளியான படத்தில் அந்த முதல் கணக்கின் கீ முழுவதுமாகத் தெரிகிறது. அதன் அருகிலேயே, இதற்குப் பணம் அனுப்பக் கூடாது என்ற வரியைத் தமிழில், படத்தின் மேலேயே பொறிக்க வேண்டும். அடுத்த பருவத்தின் செய்முறை வகுப்புகள் தொடங்க இன்னும் மூன்று வாரங்கள் உள்ளன. அதற்குள் இத்திருத்தம் வெளிவந்தால், எங்கள் மாணவர்கள் கையில் இருக்கும் வெட்டுத்துண்டுகளை நானே மாற்றிக் கொடுத்துவிடுவேன்.

இப்படிக்கு,
தங்கள் உண்மையுள்ள,
உதவிப் பேராசிரியர், கணினி அறிவியல் துறை,
விருதுநகர் மாவட்டம்.